அரிசி வந்த வழியில் உளுந்து

விருதுநகர் மார்க்கெட் நிலவரத்தை நாளிதழில் தொடர்ந்து பார்க்கிறவர்களுக்குத் தெரியும், உளுந்துக்கு அதில் ஒரே விலை இருக்காது. நாட்டு உளுந்துக்கு ஒரு விலை, பர்மா உளுந்துக்கு ஒரு விலை. பர்மாவிலும் எஃப்.ஏ.கியூ. என்ற சராசரித் தரம் ஒன்று, எஸ்.கியூ. என்ற பருமணித் தரம் ஒன்று. நாட்டின் பெயர் 1989-இல் மியான்மர் என்று மாறிவிட்டது. மண்டியில் யாரும் அப்படிச் சொல்வதில்லை. இந்தக் கட்டுரையிலும் பர்மா என்றே சொல்லிக்கொண்டு போகிறேன்.

இந்தியாவில் உளுந்து நன்றாக விளைந்த ஆண்டில் 30 லட்சம் டன்னைத் தாண்டும். மழை கெடுத்த ஆண்டில் 20 லட்சத்துக்குப் பக்கத்தில் வந்து நிற்கும். குறைகிற இடத்தை நிரப்ப அண்மை ஆண்டுகளில் 5 லட்சம் டன்னிலிருந்து 8 லட்சம் டன் வரை வெளியிலிருந்து வாங்கியிருக்கிறோம். அதில் மிகப்பெரும் பகுதி ஒரே நாட்டிலிருந்து வருகிறது. இட்லியும் தோசையும் வடையும் அப்பளமும் தென்னாட்டுச் சாப்பாடு என்பதால் அந்தச் சரக்கு இறங்கும் முதல் துறைமுகம் சென்னை. பர்மா உளுந்தின் ஏற்றுமதி விலையை டாலரில் சொல்லும்போதே ‘சென்னை வந்து சேர்ந்த விலை’ என்றுதான் உலகச் சந்தையில் சொல்கிறார்கள்.

இதில் என்னை விடாமல் பிடித்திருப்பது ஒன்று உண்டு. அந்த உளுந்தைப் பயிரிடும் பர்மியக் குடும்பம் அதைச் சாப்பிடுவது அபூர்வம். பர்மியர்கள் பயறு உண்ணாதவர்கள் அல்ல. காலையில் அவித்த பட்டாணியை எண்ணெய் விட்டுப் பிசைந்த சோற்றோடோ ரொட்டியோடோ சாப்பிடுவார்கள். கடலை மாவைக் காய்ச்சி உறையவைத்து ஷான் மலைப்பகுதியில் டோஃபு செய்வார்கள். மொகிங்கா என்ற மீன் குழம்பில் கடலை மாவு கரைத்து விடுவார்கள். மொச்சையும் பட்டர் பீன்ஸும் அவர்கள் சமையலில் உண்டு. உளுந்தும் துவரையும் அப்படி இல்லை. யாங்கோன் தெருக்களில் தமிழர் வழியாகப் போன தோசைக் கடைகளை விட்டுவிட்டால் இவ்விரண்டும் கடல் கடந்து போவதற்காகவே விளைகின்றன. ஜப்பான் கொஞ்சம் உளுந்தை முளைகட்டுவதற்கு வாங்கும். மற்றதெல்லாம் நம்மை நம்பித்தான்.

இந்தக் கடல்வழியில் முதலில் வந்தது உளுந்து இல்லை. அரிசி.

1852-இல் பிரிட்டிஷார் கீழ்ப் பர்மாவைப் பிடித்துக்கொண்டார்கள். 1869-இல் சூயஸ் கால்வாய் திறந்தது. ஐராவதிக் கழிமுகத்தின் காடுகள் அடுத்தடுத்த பத்தாண்டுகளில் அழிந்து நெல்வயல்களாயின. வெட்டித் திருத்தியவர்கள் பர்மியக் குடியானவர்கள். திருத்துவதற்கான முதலைக் கொடுத்தவர்களில் பெரும்பாலோர் நகரத்தார் என்னும் செட்டியார்கள். அறுவடைக்கும் ரங்கூன் (இன்றைய யாங்கோன்) அரிசி ஆலைகளில் மூட்டை தூக்குவதற்கும் தமிழ், தெலுங்கு, ஒடியா கூலிகள் கப்பல் ஏறிப் போனார்கள். இரண்டாம் உலகப்போர் வருவதற்கு முன் பர்மா ஆண்டுக்கு ஏறக்குறைய 30 லட்சம் டன் அரிசியை ஏற்றுமதி செய்தது. அதில் பாதியளவு இந்தியாவுக்கு வந்தது. உலகில் வேறெந்த நாடும் அன்று அவ்வளவு அரிசியை வெளியே அனுப்பவில்லை. ரங்கூன் நகரத்தின் மக்கள்தொகையில் 1931 கணக்குப்படி பாதிக்கு மேல் இந்தியர்கள்.

இந்தக் கதையைக் காரைக்குடி வீடுகளின் தேக்குத் தூண்களோடு நிறுத்திக்கொள்வது நம் வழக்கம். அதன் மறுபாதியையும் சொல்லவேண்டும். 1930-இல் உலகப் பொருளாதாரம் சரிந்தபோது நெல் விலை விழுந்தது. கடனைத் திருப்ப முடியாத பர்மிய விவசாயிகளின் நிலம் கடன் கொடுத்தவர் கைக்குப் போனது. கீழ்ப் பர்மாவின் 13 முக்கிய நெல் மாவட்டங்களில் 1930-இல் 6 சதவீத நிலம் செட்டியார்கள் வசம் இருந்தது. 1938-இல் அது 25 சதவீதம். நிலம் வேண்டும் என்று அவர்கள் போகவில்லை, வட்டிக்குப் பதிலாக அது வந்து சேர்ந்தது என்பது உண்மைதான். நிலத்தை இழந்தவனுக்கு அந்த வேறுபாட்டால் ஒரு பயனும் இல்லை. பிறகு வந்த கசப்பின் வேர் அங்கேதான் இருக்கிறது.

1942-இல் ஜப்பானியர் வந்தார்கள். லட்சக்கணக்கான இந்தியர்கள் அரக்கான் வழியாகவும் அசாம் மலைகள் வழியாகவும் நடந்தே திரும்பினார்கள். வழியில் இறந்தவர்கள் ஏராளம். பர்மா அரிசி நின்றதும் சென்னை மாகாணத்திலும் திருவிதாங்கூரிலும் ரேஷன் வந்தது. 1962-இல் ராணுவத் தளபதி நே வின் ஆட்சியைப் பிடித்தார். அடுத்த இரண்டு ஆண்டுகளில் வங்கி, மொத்த வணிகம், சில்லறைக் கடை எல்லாம் அரசுடைமை ஆயின. எஞ்சியிருந்த தமிழ்க் குடும்பங்கள் கையிலிருந்ததை விட்டுவிட்டுக் கப்பல் ஏறின. சென்னையின் பர்மா பஜார் அவர்கள் பிழைப்புக்காக 1969-இல் உண்டான இடம்.

அரிசி கோலோச்சிய காலத்திலும் பயறு வணிகம் இல்லாமல் இல்லை. ரங்கூன் பீன்ஸ் என்ற பெயரில் ஒருவகை வெள்ளை மொச்சை இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டிருந்தது. அந்த இனப் பயறுகளில் ஹைட்ரஜன் சயனைடு உண்டாக்கும் பொருள் இருப்பதை அங்குள்ள வேதியியலாளர்கள் ஆராய்ந்து சொன்னார்கள். நிறமுள்ள பயறில் நஞ்சு கூடுதல், வெள்ளையில் குறைவு என்பதால் வெள்ளைப் பயறுக்கு மதிப்பு. ஆனாலும் அரிசியின் முன்னால் அது சில்லறைச் சரக்குதான்.

நே வின் காலத்தில் அந்த அரிசியும் போயிற்று. ஏக்கருக்கு இத்தனை கூடை நெல்லை அரசு சொன்ன விலைக்கு அரசிடமே அளக்கவேண்டும். வெளிச்சந்தை விலை எவ்வளவு இருந்தாலும் விவசாயிக்குக் கிடைப்பது அதில் ஒரு பகுதிதான். எந்தப் பயிரை எந்த வயலில் போடவேண்டும் என்பதைக்கூட அதிகாரிதான் சொன்னார். ஆண்டுக்கு 30 லட்சம் டன் அரிசி அனுப்பிய நாடு 1980-களில் சில லட்சம் டன்னுக்குச் சுருங்கியது.

1987 செப்டம்பரில் நெல், பயறு உள்ளிட்ட விளைபொருள்களின் உள்நாட்டு வணிகத்தின் மீதிருந்த கட்டுப்பாடுகள் தளர்ந்தன. அடுத்த ஆண்டு மக்கள் எழுச்சி, துப்பாக்கிச்சூடு, செப்டம்பர் 18-இல் புதிய ராணுவக் குழு. அரசியலில் இறுக்கிப் பிடித்த அந்தக் குழு வணிகத்தில் ஒரு கதவை மட்டும் திறந்தது. பயறு வகைகளைத் தனியார் வாங்கலாம், தனியாரே ஏற்றுமதி செய்யலாம் என்றது. அரிசி ஏற்றுமதி மட்டும் அரசின் கையிலேயே 2003 வரை இருந்தது.

பயறுக்கு விடுதலை, அரிசிக்கு விலங்கு என்பதன் காரணத்தை யோசித்தால் அந்த ஆட்சியின் மனம் புரியும். அரிசி விலை ஏறினால் யாங்கோனிலும் மண்டலேயிலும் மக்கள் தெருவுக்கு வருவார்கள். ராணுவத்தினருக்கும் அரசு ஊழியருக்கும் கொடுக்கும் மலிவு அரிசி குறையும். உளுந்து விலை எவ்வளவு ஏறினாலும் எந்தப் பர்மியச் சமையலறையிலும் அது உறைக்காது. யாரும் கொடி பிடிக்க மாட்டார்கள். உள்ளூரில் தின்னாத பொருள் என்பதாலேயே உளுந்து தப்பித்தது. அரசு வரியை வாங்கிக்கொண்டு ஒதுங்கி நின்றது. பர்மிய விவசாயி ஒரு தலைமுறைக்குப் பிறகு முதல் தடவையாகத் தன் விளைச்சலைத் தான் விரும்பிய விலைக்கு விற்றான்.

அதற்குப் பிறகு நடந்தது பெரிய மாற்றம். 1990-களின் தொடக்கத்தில் ஓரிரு லட்சம் டன்னாக இருந்த பயறு ஏற்றுமதி 2001-02-இல் 10 லட்சம் டன்னைத் தாண்டியது. ஆசியாவில் இத்தனை பயறை வெளியே அனுப்பும் நாடு வேறில்லை என்ற நிலை வந்தது. இதற்காக எந்த அணையும் கட்டப்படவில்லை. பெரிய உரத்திட்டமோ வெளிநாட்டு உதவியோ கிடையாது. ஆராய்ச்சி நிலையங்கள் சில நல்ல விதைகளைக் கொடுத்தன, அவ்வளவுதான். மற்றதை விவசாயிகளும் வணிகர்களும் செய்தார்கள்.

எப்படி என்று நம் தஞ்சாவூர்க்காரர்களுக்கு விளக்கத் தேவையில்லை. பெகோ, ஐராவதி, யாங்கோன் பகுதிகளின் தாழ்ந்த வயல்களில் மழைக்கால நெல் அக்டோபர் கடைசியிலிருந்து அறுவடைக்கு வரும். அதன் பிறகு அந்த நிலத்தில் வேலை இல்லை. அடுத்த மழை மே மாதம்தான். ஆனால் களிமண்ணில் ஈரம் நிற்கிறது, இரவில் பனி இறங்குகிறது. அந்த ஈரத்தையும் பனியையும் மட்டும் நம்பி நவம்பர், டிசம்பரில் உளுந்து விதைக்கிறார்கள். தண்ணீர் பாய்ச்சுவதில்லை, உரம் மிகக் குறைவு. பிப்ரவரி, மார்ச்சில் பிடுங்கிவிடலாம். வேர்முடிச்சுகள் சேர்த்துவைத்த தழைச்சத்து அடுத்த நெல்லுக்குப் போய்ச் சேரும்.

காவிரிக் கழிமுகத்தில் நெல் தரிசு உளுந்து என்று நாம் சொல்வதும் இதுவேதான். சம்பா, தாளடி அறுவடைக்கு ஒரு வாரம் பத்து நாள் இருக்கும்போது நிற்கிற பயிருக்குள் உளுந்தையும் பச்சைப்பயறையும் தெளித்துவிடுவார்கள். நெல்லை அறுத்த பிறகு தாளுக்கிடையில் அது தலை தூக்கும். தைப்பனி குடித்து வளரும். ஆடுதுறை ஆராய்ச்சி நிலையம் இதற்கென்றே விதை ரகம் வெளியிட்டது. புதுக்கோட்டை மாவட்டம் வம்பனில் பயறுக்கென்று தனி ஆராய்ச்சி மையம் இருக்கிறது. இரு கழிமுகங்களும் ஒரே அறிவால் பிழைத்தவை. ஒன்றில் இந்தச் சாகுபடி பெருகியது. மற்றதில் மெல்லக் குறைந்தது. நம் வயல்களில் ஆள் வைத்து அறுத்த காலம் போய் அறுவடை இயந்திரம் வந்தபோது அதன் கனத்த சக்கரம் முளைத்து நின்ற உளுந்தை நசுக்கியது. மேட்டூர் திறப்பு தள்ளிப்போன ஆண்டுகளில் தாளடி பின்தங்கி, உளுந்துக்கான பனிக்காலமே கைவிட்டுப் போனது. விழுப்புரம், கடலூர்ப் பக்கம் உளுந்து இன்றும் பலமாகத்தான் விளைகிறது. என்றாலும் தமிழ்நாட்டின் ஆட்டுக்கல்லுக்கு அது போதவில்லை. பர்மாவில் மட்டும் உளுந்து சுமார் 10 லட்சம் ஹெக்டேரில் பரவியது.

துவரை வேறு நிலத்துப் பயிர். அது மேல் பர்மாவின் வறண்ட நடுப்பகுதியில், சகாயிங், மண்டலே, மகுவே மண்டலங்களில், எள்ளோடும் நிலக்கடலையோடும் கலந்து வரும். மழை பொய்த்தாலும் ஏதோ கொடுக்கும். அந்தப் பகுதியின் இன்றைய நிலைமையைப் பிறகு சொல்கிறேன்.

வணிகம் நடந்த விதம்தான் அன்றைக்கும் இன்றைக்கும் இடையில் அதிகம் மாறியது. 1990-களில் கிராமத்துத் தரகர் வீடு வீடாகப் போய்க் கூடைக் கணக்கில் வாங்குவார். பல இடங்களில் விதைக்கும் முன்பே பணம் கொடுத்து விளைச்சலைப் பேசி முடித்திருப்பார். அவரிடமிருந்து ஊர் மண்டிக்கு, அங்கிருந்து லாரியில் யாங்கோனின் பயின்னவுங் மொத்தச் சந்தைக்கு. பழைய ரங்கூனில் மிஞ்சியிருந்த இந்திய வம்சாவளிக் குடும்பங்களுக்கு இந்த இடத்தில் ஒரு பங்கு கிடைத்தது. தமிழும் குஜராத்தியும் மார்வாரியும் பர்மியமும் தெரிந்தவர்கள் அவர்கள். சென்னையில் என்ன மணி கேட்பார்கள், மும்பையில் என்ன பருப்பு போகும் என்று கேட்டுச் சொல்ல அவர்களால் முடிந்தது. அன்று சென்னை விலை யாங்கோனுக்குத் தெரிய சர்வதேசத் தொலைபேசி இணைப்புக் கிடைக்கவேண்டும். அது கிடைப்பதற்குள் அரைநாள் போகும். அந்த அரைநாள் யாருக்கு முன்கூட்டித் தெரிந்ததோ அவருக்கு லாபம்.

பணம் வருவது இன்னும் சுற்று வழி. பர்மிய நாணயமான சாட்டுக்கு அரசு சொன்ன மாற்று விகிதம் டாலருக்கு 6 சாட்டுக்குப் பக்கம், கடைத்தெருவில் அதைப்போலப் பல மடங்கு, பிறகு நூறு மடங்குக்கும் மேல். 2012 ஏப்ரலில்தான் அந்தப் பழைய விகிதம் கைவிடப்பட்டது. ஏற்றுமதி செய்து சம்பாதித்த டாலரைக் கொண்டுதான் இறக்குமதி செய்யலாம் என்ற விதி இருந்ததால், உளுந்து விற்றவர் கையிலிருந்த டாலர் கணக்கை பாமாயிலும் சிமென்டும் கொண்டுவருபவர்கள் விலை கொடுத்து வாங்கினார்கள். உளுந்தில் கொஞ்சம் நட்டப்பட்டாலும் டாலரில் ஈடு செய்துகொள்ளலாம். அமெரிக்கத் தடைகள் இறுகியபோது ஒப்பந்தங்கள் சிங்கப்பூர் நிறுவனங்களின் பெயரில் எழுதப்பட்டன. நேராக வந்தால் நாலைந்து நாளில் சென்னையைத் தொடும் சரக்குக்குக் காகிதம் சிங்கப்பூர் போய் வந்தது.

இன்று கைப்பேசி இல்லாத பர்மியக் கிராமம் குறைவு. 2014-க்குப் பிறகு சிம் கார்டு மலிந்ததும் ஃபேஸ்புக்கிலும் வைபரிலும் விலை போனது. சென்னையில் காலை பத்து மணிக்குப் பேசிய விலை பத்தேகாலுக்குப் பெகோவில் ஒரு குடிசைக்குத் தெரிந்துவிடுகிறது. தரகர் ஏமாற்றும் வாய்ப்பு குறைந்தது நல்லதுதான். அதே வேகத்தில் டெல்லியின் ஒவ்வொரு அசைவும் அந்தக் குடிசையை வந்து தாக்குகிறது என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும்.

2015-உடன் சேர்த்து இந்தியாவில் இரண்டு ஆண்டு தொடர்ந்து பருவமழை பொய்த்தது. அக்டோபரில் துவரம்பருப்பு கிலோ 200 ரூபாயைத் தொட்டது. உளுந்தும் பின்னாலேயே ஏறியது. ஓட்டல்களில் சாம்பார் நீர்த்தது. தட்டுப்பாட்டை எதிர்கொள்ள அரசு மொசாம்பிக்குடன் ஒப்பந்தம் போட்டது, இருப்பு வைக்கத் தொடங்கியது, விவசாயிகளுக்கு ஆதரவு விலையை உயர்த்தியது. பர்மாவில் பயறு விலை அதுவரை காணாத உயரத்துக்குப் போயிற்று. அங்கே 2016-இல் விதைத்தவர்கள் அந்த விலையைப் பார்த்து விதைத்தார்கள். கடன் வாங்கி விதைத்தார்கள், நிலம் குத்தகைக்குப் பிடித்து விதைத்தார்கள். அதே ஆண்டு இந்தியாவில் நல்ல மழை. 2016-17-இல் இந்தியப் பயறு விளைச்சல் 230 லட்சம் டன், அதுவரை இல்லாத உச்சம். அதற்கு மேல் 66 லட்சம் டன் இறக்குமதி வேறு. விலை சரிந்தது. மகாராஷ்டிரத்திலும் கர்நாடகத்திலும் துவரை போட்டவர்கள் ஆதரவு விலைகூடக் கிடைக்காமல் தவித்தார்கள்.

2017 ஆகஸ்ட் 5-இல் துவரை இறக்குமதிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் டன் என்று உச்சவரம்பு வந்தது. அதே மாதம் 21-இல் உளுந்துக்கும் பச்சைப்பயறுக்கும் சேர்த்து 3 லட்சம் டன். முன்னறிவிப்பு இல்லை. யாங்கோன் கிடங்குகளில் இந்தியாவுக்கென்று வாங்கி அடுக்கிய மூட்டைகள் அப்படியே நின்றன. உளுந்தையும் துவரையும் உள்ளூரில் தின்னவும் ஆளில்லை. சீனாவுக்கோ ஐரோப்பாவுக்கோ அனுப்பவும் அங்கே கேட்பார் இல்லை. விலை கடுமையாகச் சரிந்தது. பர்மிய அமைச்சர்கள் டெல்லிக்கு வந்து பேசினார்கள். அந்த நாட்டில் அரை நூற்றாண்டுக்குப் பின் மக்கள் தேர்ந்தெடுத்த அரசு வந்து ஒன்றரை ஆண்டுதான் ஆகியிருந்தது. கிராமங்களில் அதற்குக் கிடைத்த முதல் பெரிய அடி இது என்று நினைக்கிறேன்.

நம் விவசாயியைக் காப்பாற்றவேண்டியது நம் அரசின் கடமை. அதில் எனக்கு மறுப்பில்லை. விதர்பாவிலும் குல்பர்காவிலும் கடனில் கிடந்தவர்களைப் பார்த்துக்கொண்டு கதவைத் திறந்தே வைத்திரு என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் கதவை மூடுவதற்கு ஒரு முறை இருக்கிறது. பத்தாண்டுக்கு மேல் தீர்வை இல்லாமல் வாங்கிக் கொண்டிருந்துவிட்டு, எங்களுக்கென்றே நீ விளைவி என்று சொல்லாமல் சொல்லிவிட்டு, அறுவடை முடிந்து சரக்கு கிடங்கில் இருக்கும்போது மூடுவது நியாயமான முறை இல்லை. விதைக்கும் முன் சொல்லியிருந்தால் அவர்கள் வேறு பயிர் போட்டிருப்பார்கள்.

அடுத்த ஆண்டுகளில் கோட்டா முறை நடந்தது. ஆலைக்காரர்களுக்கு மட்டும் இவ்வளவு டன் என்று வெளிநாட்டு வர்த்தகத் தலைமை இயக்ககம் பங்கு போட்டுக் கொடுத்தது. 2019-இல் மத்தியப் பிரதேசத்திலும் ராஜஸ்தானிலும் பருவம் தப்பிய மழை உளுந்தை அழித்தபோது, 1.5 லட்சம் டன்னாக இருந்த உளுந்து கோட்டா அந்த டிசம்பரில் 4 லட்சமாக உயர்ந்தது. விதைப்பு அங்கே முடிந்த பிறகு. 2017-இல் அடிபட்டுச் சாகுபடியைக் குறைத்திருந்த பர்மிய விவசாயி இப்போது கையில் சரக்கில்லாமல் நின்றார். இங்கே இட்லி மாவு பாக்கெட் விலை ஏறியது. அங்கேயும் இங்கேயும் சிறியவர்கள்தான் அந்த ஏற்ற இறக்கத்தைத் தாங்கினார்கள். கிடங்கு வைத்துக் காத்திருக்க முடிந்தவர்கள் இரண்டு முறையும் சம்பாதித்தார்கள்.

2021 மே மாதம் இந்தியா உளுந்து, துவரை, பச்சைப்பயறு மூன்றையும் மறுபடி தடையில்லாப் பட்டியலில் சேர்த்தது. அடுத்த மாதம் பர்மாவுடன் ஓர் ஒப்பந்தம் ஆயிற்று. ஆண்டுக்கு 2.5 லட்சம் டன் உளுந்து, 1 லட்சம் டன் துவரை, 2021-22 முதல் 2025-26 வரை ஐந்தாண்டுக்கு. 2017-இல் வந்திருக்கவேண்டிய வாக்குறுதி இது. அது வந்த நேரத்தில் பர்மாவே வேறாகிவிட்டிருந்தது. 2021 பிப்ரவரி 1-இல் ராணுவம் ஆட்சியைக் கைப்பற்றி, தேர்ந்தெடுக்கப்பட்டவர்களைச் சிறையில் வைத்திருந்தது. எந்த விவசாயிகளுக்காக ஒப்பந்தம் வேண்டியிருந்ததோ அவர்கள் மீது குண்டு போட்டுக்கொண்டிருந்த ஆட்சியோடு அது நடந்தேறியது. உணவுக்காக வாங்குகிறோம், அரசியலுக்காக அல்ல என்று டெல்லி சொல்லலாம். நம் வாணலிக்கு வரும் பருப்பின் வரியில் ஒரு பங்கு எங்கே போகிறது என்பதை நாமாவது தெரிந்துவைத்திருக்கவேண்டும்.

மறுபடி மாற்று விகிதம் வந்து கழுத்தைப் பிடித்தது. ஆட்சிக் கவிழ்ப்புக்கு முன் டாலருக்கு 1,330 சாட் அளவில் இருந்தது. 2022 ஏப்ரலில் ஏற்றுமதியாளர்கள் ஈட்டும் டாலர் முழுவதையும் மத்திய வங்கி சொன்ன விகிதத்தில் மாற்றவேண்டும் என்று ஆணை வந்தது. அந்த ஆகஸ்டில் விகிதம் 2,100 என்று வைக்கப்பட்டது. வெளியில் அது 2024-இல் 4,000-க்கும் மேல் போனது. கட்டாயமாக மாற்றவேண்டிய பங்கைப் பிறகு படிப்படியாகக் குறைத்தார்கள். குறைத்தாலும், உளுந்து விற்கும் ஒவ்வொரு டாலரிலும் ஒரு பகுதி பாதி மதிப்புக்குப் போனது. நே வின் காலத்து நெல் கொள்முதலை இது எனக்கு நினைவூட்டுகிறது. அன்று கூடையில் எடுத்தார்கள், இன்று டாலரில் எடுக்கிறார்கள். 2024 ஜனவரியில் ரூபாயும் சாட்டும் நேராக மாறும் வழி ஒன்று வங்கி மூலம் திறந்தது. பயறு வணிகத்துக்குத்தான் அதை முதன்மையாகச் சொன்னார்கள். டாலர் கிடைக்காத நாட்டுக்கு அது உதவும்.

துவரை விளையும் சகாயிங், மகுவே மண்டலங்கள் இந்த உள்நாட்டுப் போரில் மிக மோசமாக எரிந்த பகுதிகள். கிராமங்கள் கொளுத்தப்பட்டன. அறுவடை செய்யும் வயதுப் பிள்ளைகள் ஒன்று ஆயுதம் தூக்கிப் போனார்கள், அல்லது 2024 பிப்ரவரியில் கட்டாய ராணுவச் சேவைச் சட்டம் நடைமுறைக்கு வந்ததும் தாய்லாந்துக்கு ஓடினார்கள். வயலில் மிஞ்சியவர்கள் பெண்களும் முதியவர்களும். 2025 மார்ச் 28-இல் 7.7 அளவு நிலநடுக்கம் சகாயிங்கையும் மண்டலேயையும் உடைத்தது. இத்தனைக்கும் நடுவில் மூட்டைகள் யாங்கோனுக்கு வந்துகொண்டுதான் இருக்கின்றன. லாரிக்கு டீசல் கிடைக்கிறதா, எந்தச் சோதனைச்சாவடியில் யாருக்கு எவ்வளவு கொடுக்கவேண்டும் என்பதெல்லாம் சேர்ந்து அதன் விலை ஆகிறது. தாழ்ந்த பெகோ, ஐராவதி வயல்களில் போர் அவ்வளவு இல்லாததால் உளுந்து துவரையை விடத் தப்பித்திருக்கிறது.

அங்குள்ள விவசாயிகள் 2017-இல் கற்றதை மறக்கவில்லை. ஈரம் நிற்கும் வயலில் உளுந்துக்குப் பதில் பச்சைப்பயறு போட்டவர்கள் நிறையப் பேர். பச்சைப்பயறைச் சீனா வாங்கும், முளைகட்ட மற்ற நாடுகளும் வாங்கும். ஒருவர் கதவைச் சாத்தினால் இன்னொருவர் இருக்கிறார். மேட்டு நிலங்களில் தாய்லாந்துக்கும் சீனாவுக்கும் போகும் மக்காச்சோளம் பரவியது. இந்தியாவுக்கு மட்டுமே விற்கக்கூடிய பயிரில் நிலம் முழுவதையும் போடாதே என்பது இப்போது அங்கே நடைமுறை அறிவு.

இந்தியாவும் தன் பங்குக்கு வேறு இடம் தேடுகிறது. பிரேசில் உளுந்து விளைவிக்கத் தொடங்கியிருக்கிறது. 2023 முழுவதும் அங்கிருந்து வந்தது 4 ஆயிரம் டன் சொச்சம். 2024 அக்டோபர் இறுதிக்குள்ளேயே அது 22 ஆயிரம் டன்னைத் தாண்டியது. பிரேசிலில் பயறு என்றால் பெரிய பண்ணை, பெரிய இயந்திரம். கூடைக் கணக்கும் தரகர் முன்பணமும் அங்கே இல்லை. பருவமும் நமக்கு நேர் எதிர்ப்புறம். 2024 நடுவில் டன்னுக்கு 1,000 டாலருக்கு மேல் போயிருந்த சென்னை விலை 2025-இல் இறங்கியதற்கு இந்த வரவு ஒரு காரணம் என்கிறார்கள் வணிகர்கள்.

சென்னைப் பக்கமும் அன்றைக்கு இருந்ததுபோல் இல்லை. ஒரு காலத்தில் உடைத்த தோல் உளுந்தை வாங்கி, ஊறவைத்து, கையால் அலசித் தோலை நீக்கி ஆட்டுவார்கள். இன்று விருதுநகரிலும் மதுரையிலும் ஆந்திரத்தின் தெனாலியிலும் ஆலைகள் தோல் நீக்கி, நிறம் பார்த்துப் பிரிக்கும் கேமரா இயந்திரத்தில் ஓட்டி, வெள்ளை வெளேரென்று முழு உளுந்தாக அனுப்புகின்றன. அரைத்த மாவைப் பாக்கெட்டில் விற்கும் நிறுவனங்கள் ஆண்டு முழுவதும் ஒரே தரம் கேட்கின்றன. நாட்டு உளுந்து பருவத்துக்குப் பருவம், ஊருக்கு ஊர் மாறும். கப்பலில் வரும் எஸ்.கியூ. பெரும்பாலும் ஒரே சீராக இருக்கும். நாட்டு உளுந்து போல் பர்மா உளுந்து மாவு காணாது என்று வீட்டில் அரைப்பவர்கள் சொல்வது வழக்கம். மாவுக் கம்பெனிகளுக்கு அதைவிடச் சீரான வரத்து முக்கியம். வீடுகளில் கிரைண்டர் ஓடுவது குறையக் குறைய, பர்மா உளுந்தின் இடம் இங்கே இன்னும் உறுதியாகிறது.

அதனால்தான் ஒரு சின்ன விஷயத்தை விடாமல் சொல்ல விரும்புகிறேன். ஐந்தாண்டு ஒப்பந்தம் 2025-26-உடன் முடியும்படி எழுதப்பட்டது. அதற்குப் பின் எந்த ஏற்பாடு வந்தாலும், எத்தனை டன் என்பதைவிட எந்த மாதம் அறிவிப்பு வருகிறது என்பது பெகோ விவசாயிக்கு முக்கியம். அவர் உளுந்தா பச்சைப்பயறா என்று தீர்மானிப்பது நெல் அறுக்கும்போது, அக்டோபர் கடைசியில். அதற்குள் இந்தியாவில் ஆனி, ஆடியில் விதைத்த உளுந்தின் நிலைமை அரசுக்குத் தெரிந்துவிடுகிறது. அடுத்த ஆண்டு மார்ச் வரை எவ்வளவு வாங்குவோம், தீர்வை என்ன என்பதை அந்த மாதமே சொல்ல முடியும். நம் காவிரிப் பகுதி விவசாயிக்கும் தை மாதத் தெளிப்புக்கு முன் அந்தக் கணக்குக் கிடைக்கும். சொல்லிவிட்டு அதை ஒரு பருவத்துக்காவது மாற்றாமல் இருந்தால், விதைத்தவர் அறுத்து விற்கும்வரை கதவு இருந்த இடத்தில் இருக்கும்.